குதிரைக்குப் பெயர் உண்டு, கொட்டடித்த சிறுவனுக்கு?

செஞ்சிக் கோட்டையின் புகழ் கடல் கடந்துவிட்டது. 2025ஆம் ஆண்டு ஜூலைத் திங்களில், மராட்டியர் கோட்டைகள் பன்னிரண்டை உலகப் பாரம்பரியச் சின்னங்களாக யுனெஸ்கோ அறிவித்தது. பதினொன்று மகாராட்டிரத்தில் இருக்கின்றன. எஞ்சிய ஒன்று நமது செஞ்சி. விழுப்புரம் மாவட்டத்து மக்கள் மகிழ்ந்தார்கள், நாமும் மகிழ்ந்தோம்.

அண்மையில் ஒரு வெள்ளிக்கிழமை, வேறொரு வேலையாகச் செஞ்சிக்குப் போயிருந்தோம். வேலை முடிந்தது. பேருந்துக்கு நேரம் இருந்தது. "ராஜகிரி மேலே ஏறிப் பார்த்துவிட்டுப் போகலாம், வாருங்கள்" என்றார் உள்ளூர்த் தோழர் ஒருவர். சந்தையில் மூட்டை தூக்கிப் பிழைக்கும் முதியவர் அவர். நம்மைவிடப் பத்து வயது மூத்தவர். நாம் மூச்சு வாங்கி உட்கார்ந்த இடத்திலெல்லாம் அவர் நின்றுகொண்டே சிரித்தார்.

மேலே போய் நின்றதும், கேட்காமலே தேசிங்கு ராஜன் கதையைப் பாடத் தொடங்கினார். எழுத்தறியாதவர். ஆனால் கதைப்பாட்டு முழுவதும் நெஞ்சில் இருக்கிறது. 1714ஆம் ஆண்டு ஆர்க்காட்டு நவாபு சதத்துல்லாகானின் பெரும்படையை எதிர்த்து, கைவிரல் விட்டு எண்ணத்தக்க சிறு படையோடு போய் விழுந்த இளைஞனின் கதை. தேசிங்கின் பெயர் வருகிறது. இராணியின் பாடு வருகிறது. இசுலாமியத் தோழன் தன் மண நாளையும் விட்டு ஓடி வந்த நட்பு வருகிறது. குதிரையின் பெயர்கூட வருகிறது: பாராசாரி!

நாம் இடைமறித்துக் கேட்டோம்: "அண்ணே, பாட்டு நெடுகப் போர்முரசு முழங்குகிறதே, அந்த முரசை அடித்தவன் பெயர் என்ன?"

பெரியவர் பாட்டை நிறுத்தினார். ஒரு கணம் யோசித்தார். பிறகு சொன்னார்: "அது யாருக்குத் தெரியும் தோழரே? அடிக்கிறவன் அடிச்சான்!"

அடிக்கிறவன் அடித்தான்! இந்த நாலு எழுத்து விடையிலே ஏழை மக்களின் வரலாறு முழுவதும் அடங்கிக் கிடக்கிறது என்று நமக்குத் தோன்றியது. மலையை விட்டு இறங்கியதும் கடைத்தெருவில் நாம் கண்ட ஒரு காட்சி, அந்த எண்ணத்தை நெஞ்சில் முள்ளாகத் தைத்தது. அதைக் கடைசியில் சொல்கிறோம். முதலில், கொட்டடித்தவனின் கதை.

டமாரம் இல்லாமல் பட்டாளம் இல்லை

தேசிங்கு மாண்டு முப்பத்தாறு ஆண்டுகள் கழித்து, 1750 செப்டம்பரில், புஸ்ஸி என்னும் பிரெஞ்சுத் தளபதி இரவோடு இரவாகச் செஞ்சியைப் பிடித்தான். யாராலும் பிடிக்க முடியாது என்று பேர் வாங்கிய மலைக்கோட்டை ஒரே இரவில் விழுந்தது கண்டு நாடே திகைத்தது. 1761இல் புதுச்சேரி வீழ்ந்த பின், ஆங்கிலக் கும்பினியின் காப்டன் ஸ்டீபன் ஸ்மித் செஞ்சியை முற்றுகையிட்டான். ஏப்ரல் திங்களில் கோட்டை அவன் கைக்கு வந்தது. 1780இல் ஐதர் அலியின் படை வந்தது. இந்தத் தளபதிகளின் பெயர்கள் எல்லாம் புத்தகத்தில் இருக்கின்றன.

இந்த ஐரோப்பியப் பட்டாளங்கள் ஒவ்வொன்றுக்கும் முன்னே ஒரு சத்தம் போயிற்று: டமாரமும் குழலும். இன்று ஒரு தளபதி கம்பியில்லாக் கருவியில் பேசுகிறான். அன்று அவனுக்கு வாய் ஏது? பீரங்கி வெடித்தால் குரல் கேட்காது. வெடிமருந்துப் புகை சூழ்ந்தால் கொடி தெரியாது. புகையையும் சத்தத்தையும் துளைத்துக்கொண்டு சிப்பாயின் காதுக்குப் போய்ச் சேரக்கூடியது டமார ஓசை ஒன்றுதான். எழுந்திரு என்பதற்கு ஓர் அடி. கூடு என்பதற்கு ஓர் அடி. முன்னேறு என்பதற்கு ஒன்று, பின்வாங்கு என்பதற்கு ஒன்று. 'சண்டையை நிறுத்துங்கள், பேச வருகிறோம்' என்று எதிரிக்குச் சொல்வதற்கும் ஓர் அடி இருந்தது. இரவில் சாராயக் கடையை மூடச் சொல்வதற்குக்கூட ஓர் அடி உண்டு. பட்டாளத்து இராக்கொட்டுக்கு இன்றும் வெள்ளையர் 'டாட்டூ' என்று சொல்கிறார்களே, அது பீப்பாய்க் குழாயை அடை என்னும் டச்சுச் சொல்லிலிருந்து வந்தது.

சுருங்கச் சொன்னால், தளபதியின் நாக்கு டமாரம். அந்த நாக்கை யார் கையில் கொடுத்தார்கள்? பல பட்டாளங்களில், பத்து வயதும் பன்னிரண்டு வயதும் ஆன சிறுவர்கள் கையில்!

ஏன் சிறுவர்கள்? துப்பாக்கி தூக்க வலுவில்லை. டமாரம் தூக்க வலுவுண்டு. பெரியவனைக் கொட்டடிக்க விட்டால் ஒரு துப்பாக்கி குறையும். சிறுவனுக்குச் சம்பளமும் குறைவு. அநாதையாக இருந்தால் கேட்பாரும் இல்லை. கணக்கு இவ்வளவுதான். ஆலை முதலாளி குழந்தைத் தொழிலாளியை ஏன் விரும்பினான் என்று தெரிந்த நம் தோழர்களுக்கு, இந்தக் கணக்கை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

எழும்பூரில் ஓர் அநாதை விடுதி

இந்தச் சிறுவர்கள் எங்கிருந்து வந்தார்கள்? செஞ்சியிலிருந்து திண்டிவனம் போய் ரயிலேறினால், நாம் இறங்கும் இடம் எழும்பூர். அந்த எழும்பூர் ரயில் நிலையம் இருக்கும் இடத்தில் அந்நாளில் கும்பினியின் சிறு கோட்டை ஒன்று இருந்தது. 1789இல், வெள்ளைச் சிப்பாய்களின் ஆதரவற்ற ஆண்பிள்ளைகளுக்காக எழும்பூரில் ஒரு விடுதி தொடங்கினார்கள். பலருக்குத் தந்தை வெள்ளையன்; தாய் நம் நாட்டுப் பெண். தந்தை போரில் செத்திருப்பான், காய்ச்சலில் செத்திருப்பான், கப்பலேறிப் போயிருப்பான். பிள்ளை நின்றது.

அந்த விடுதிக்குத் தலைவராக வந்தவர் ஆண்ட்ரு பெல் என்னும் பாதிரியார். நம் ஊர்த் திண்ணைப் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் மணலில் விரலால் எழுதிப் படிப்பதைக் கண்டார். ஏட்டுக்கும் காகிதத்துக்கும் செலவில்லாத அந்த முறையைத் தம் விடுதியில் புகுத்தினார். மூத்த பிள்ளையைக் கொண்டே இளைய பிள்ளைக்குச் சொல்லிக் கொடுக்கச் செய்தார். 1796இல் ஊர் திரும்பி, மறு ஆண்டு அதைப் புத்தகமாக எழுதினார். 'மெட்ராஸ் முறை' என்ற பெயரில் அது இங்கிலாந்து எங்கும் பரவியது. பெல் பெரும்புகழ் பெற்று 1832இல் மறைந்தார்.

நம் மணலில் பிறந்த கல்வி இங்கிலாந்துக்குப் போயிற்று. மணலில் எழுதிய பிள்ளைகளுக்கு என்ன கிடைத்தது?

1791இல் கும்பினி ஓர் ஆணை போட்டது: இந்தியத் தாய்க்குப் பிறந்தவன் எவனும் கும்பினியின் ஆட்சித் துறையிலோ, படையிலோ, கப்பலிலோ அதிகாரியாக வர முடியாது. 1795இல் அதை இன்னும் இறுக்கினார்கள்: தாய் தந்தை இருவரும் ஐரோப்பியராக இல்லாதவன் படையில் சேரவே கூடாது, சேர்ந்தால் நான்கே வேலைகள்தான். குழல் ஊதலாம். டமாரம் அடிக்கலாம். பாண்டு வாசிக்கலாம். குதிரைக்கு லாடம் கட்டலாம்!

தோழர்களே, இந்த ஆணையை இன்னொரு முறை படித்துப் பாருங்கள். எங்கோ கேட்ட குரலாக இல்லையா? நீ இந்த வயிற்றில் பிறந்தாய், ஆகவே உனக்கு இந்தத் தொழில். அதற்கு மேல் ஏறாதே! நம் நாட்டில் மனுவின் பெயரால் ஆயிரம் ஆண்டுகளாகச் சொல்லி வந்ததை, கும்பினித் துரைமார் முத்திரை குத்திய காகிதத்தில் எழுதினார்கள். நிறம் வேறு, மொழி வேறு, கடவுள் வேறு. ஆனால் அடிமைக்கு வேலை ஒதுக்கும் சாமர்த்தியம் மட்டும் இருவருக்கும் ஒன்று!

கொட்டு வேண்டும், கொட்டுபவன் வேண்டாம்

செஞ்சியில் மலைகள் மூன்று என்று பொதுவாகச் சொல்வார்கள்: ராஜகிரி, கிருஷ்ணகிரி, சந்திரகிரி. நான்காவதாகச் சிறிய குன்று ஒன்றும் உண்டு. சக்கிலிதுர்க்கம் என்று அதற்குப் பெயர். தோல் வேலை செய்த மக்களின் சாதிப் பெயரை அந்தக் குன்றுக்கு வைத்திருக்கிறார்கள். அரசனுக்கு ஒரு மலை, கடவுளுக்கு ஒரு மலை, நிலவுக்கு ஒரு மலை. தோல் பதம் செய்தவனுக்கு ஓரத்துக் குன்று!

அந்தத் தோல் இல்லாமல் குதிரைக்குச் சேணம் இல்லை. வாளுக்கு உறை இல்லை. முரசுக்கு முகம் இல்லை. தமிழரசர் காலத்தில் முரசுக்குக் கட்டில் போட்டு வைத்தார்கள். அசதியில் அந்தக் கட்டிலில் ஏறித் தூங்கிவிட்ட புலவர் மோசிகீரனாருக்குச் சேர மன்னன் தன் கையால் விசிறி வீசினான் என்று புறநானூறு சொல்கிறது. முரசின் பெருமைக்கும் புலமையின் பெருமைக்கும் சான்றாக இதை எடுத்துக் காட்டாத மேடை இல்லை. ஆனால் முரசு கட்டிலில் கிடந்த நாட்டிலேயே, பிற்காலத்தில் பறை அடித்தவன் ஊருக்கு வெளியே தள்ளப்பட்டான். சாவுக்கு அவன் கொட்டு வேண்டும். திருவிழாவுக்கு வேண்டும். ஊர்ச் செய்தி சொல்லவும் வேண்டும். ஆனால் அவன் குவளை தனி, தெரு தனி, சுடுகாடு தனி!

'இனிச் சாவுக்குப் பறையடிக்க மாட்டோம்' என்று கடந்த நூற்றாண்டில் பல ஊர்களில் அந்த மக்கள் குச்சியைக் கீழே போட்டார்கள். அடியும் பட்டார்கள். பிறகு அவர்கள் பிள்ளைகளே, 'அடிமைத் தொழிலாக அடிக்க மாட்டோம். எங்கள் கலையாக அடிப்போம்' என்று அதே பறையை மேடையில் ஏற்றினார்கள். 2025ஆம் ஆண்டு, மதுரைப் பக்கத்துப் பறையிசைக் கலைஞர் வேலு ஆசானுக்குப் பத்மஸ்ரீ விருது அறிவிக்கப்பட்டது. கொட்டடித்தவனுக்கும் ஒரு பெயர் உண்டு என்று நாடு ஒப்புக்கொள்ள எத்தனை நூறு ஆண்டுகள் ஆயின, பார்த்தீர்களா!

அடித்த கையில் சவுக்கு

பட்டாளத்துச் சிறுவனுக்குத் திரும்புவோம். கொட்டடிப்பது மட்டும் அவன் வேலை என்று எண்ண வேண்டாம். சண்டை முடிந்ததும், அடிபட்டவனைத் தூக்கிச் செல்வது வாத்தியக்காரர் வேலை. கை கால் போனவனின் கதறலை, பள்ளியில் இருக்க வேண்டிய வயதில் அவன் பக்கத்திலிருந்து கேட்டான்.

அதைவிடக் கொடிய வேலை ஒன்று இருந்தது. பிரிட்டிஷ் பட்டாளத்தில் சிப்பாய் குற்றம் செய்தால் சவுக்கடி. ஒன்பது முடிச்சுவார் கொண்ட சவுக்கு. சிப்பாயின் சட்டையைக் கழற்றிக் கட்டி வைத்து, பட்டாளம் முழுவதையும் சுற்றி நிறுத்தி அடிப்பார்கள். அடிப்பது யார்? துரை அடிப்பதில்லை, அவர் கை வலிக்கும். டமாரம் அடிப்பவர்களே முறை வைத்து அடிக்க வேண்டும். இருபத்தைந்து அடிக்கு ஒருவன் என்று கை மாறும். கை தளர்ந்தால் சவுக்கின் வேகம் குறைந்துவிடுமல்லவா? அதற்காக! மெதுவாக அடித்தால் டமார மேஜரின் பிரம்பு சிறுவன் முதுகில் விழும்.

ஏழையைக் கொண்டு ஏழையை அடிப்பது! தேயிலைத் தோட்டத்துக் கங்காணியைக் கண்ட நம் மக்களுக்கு இது புதிதல்ல. ஆனால் இங்கே கங்காணிக்கு மீசைகூட முளைக்கவில்லை. நேற்றுத் தன்னைத் தோளில் தூக்கி விளையாடிய அதே சிப்பாயின் முதுகை, இன்று அவன் கிழிக்க வேண்டும். அன்றிரவு அந்தச் சிறுவனுக்குத் தூக்கம் வந்திருக்குமா?

சவுக்கு எவ்வளவு ஆழமாகப் பதிந்திருந்தது என்பதற்கு ஒன்று சொல்வோம். 1806இல் வேலூர்க் கோட்டையில் புதுத் தலைப்பாகையை ஏற்க மறுத்த சிப்பாய்களுக்குக் கும்பினி கொடுத்ததும் சவுக்கடியே. ஜூலை 10ஆம் நாள் விடிவதற்குள் வேலூர் வெடித்தது. கும்பினியின் இந்தியச் சிப்பாய்களுக்குச் சவுக்கடி இல்லை என்று பெண்டிங்கு 1835இல் ஆணையிட்டார். பத்தே ஆண்டில், 1845இல், மீண்டும் கொண்டு வந்தார்கள். இங்கிலாந்துப் படையில் 1881இல்தான் சவுக்கு ஒழிந்தது.

விருது பெற்றவன் கதி

'அப்படியா? வீரச் சிறுவர்களுக்குப் பதக்கம் கொடுத்துப் பாராட்டினார்களே' என்று யாரேனும் கேட்கலாம். பாராட்டினார்கள், உண்மை. பாராட்டுப் பெற்ற ஒருவன் கதையையே கேளுங்கள்.

தாமஸ் பிளின் என்று ஒரு சிறுவன். அயர்லாந்து நாட்டில் 1842இல் பிறந்தவன். அவன் சிறு குழந்தையாக இருந்தபோதுதான் அயர்லாந்தில் உருளைக்கிழங்குப் பயிர் அழுகிப் பெரும் பஞ்சம் வந்தது. இலட்சக்கணக்கில் மக்கள் மாண்டார்கள். மிஞ்சியவர்களுக்கு இரண்டு வழிகள் இருந்தன: அமெரிக்கக் கப்பல், அல்லது ஆங்கிலப் பட்டாளம். பிளின் 64ஆம் படைப்பிரிவில் டமாரச் சிறுவனாகச் சேர்ந்தான். 1857 நவம்பர் 28ஆம் நாள் கான்பூரில், காயம்பட்ட நிலையிலும் பீரங்கியை நெருங்கி இரண்டு வீரர்களோடு கைகலந்து போரிட்டான் என்று விக்டோரியா சிலுவை கொடுத்தார்கள். பிரிட்டிஷ் படையின் மிக உயர்ந்த விருது. வயது பதினைந்தும் மூன்று மாதமும். இன்றுவரை அந்த விருதை அதைவிட இளவயதில் பெற்றவர் இல்லை. அதே வயதில் பெற்றவன் இன்னொருவன் உண்டு.

அவன் எதிரே நின்ற இரண்டு பேர் யார்? நம்மவர்கள்! வெள்ளையன் ஆட்சியை எதிர்த்து எழுந்த 1857இன் பீரங்கி வீரர்கள். வெள்ளையனால் பஞ்சத்தில் தள்ளப்பட்ட அயர்லாந்துச் சிறுவன், வெள்ளையனால் நாட்டை இழந்த இந்தியனோடு மோதினான். இருவரையும் மோத விட்டவன் இலண்டனில் தேநீர் அருந்தினான். அந்தச் சிறுவனை எதிரி என்று எண்ண நம் மனம் ஒப்பவில்லை.

பதக்கம் பெற்ற பிளின் எப்படி முடிந்தான்? 1892இல், தன் ஊராகிய அத்லோனில், ஏழைகள் விடுதியில் செத்தான். திக்கற்றவர்களுக்குக் கஞ்சி ஊற்றி வேலை வாங்கும் விடுதி. பேரரசின் பெருவிருது நெஞ்சில். பேரரசின் பிச்சைப் பாத்திரம் கையில்!

எல்லாருக்கும் இப்படியா என்று கேட்டால், இல்லை. அமெரிக்க உள்நாட்டுப் போரில், ஜான் கிளெம் என்ற சிறுவன் வீட்டை விட்டு ஓடிப் போய் டமாரம் அடித்தான். பன்னிரண்டு வயதில், 1863இல், சிக்கமாகா போர்க்களத்தில் பேர் வாங்கினான். பின்னாளில் அவன் ஜெனரலாக உயர்ந்து 1915இல் ஓய்வு பெற்றான். அவனைப் பற்றிப் பாட்டுண்டு, படமுண்டு. ஆனால் சீட்டுக் குலுக்கலில் ஒருவனுக்குப் பரிசு விழுந்தது என்பதற்காக, சீட்டு வாங்கிய அத்தனை பேரும் பணக்காரர் ஆகிவிட்டார்கள் என்று சொல்ல முடியுமா?

பிரான்சில் நடந்தது இன்னும் நுட்பமானது. புரட்சிக் காலத்தில், 1793இல், ஜோசப் பாரா என்ற பதினான்கு வயதுச் சிறுவன் வாந்தேப் போரில் கொல்லப்பட்டான். ரோபஸ்பியர் அவனைப் புகழ்ந்து பேசினார். டாவிட் என்னும் பேரோவியர் 1794இல் அவன் சாவைப் படமாகத் தீட்டினார். பின்வந்தவர்கள் அவனை டமாரச் சிறுவனாகவே ஆக்கிச் சிலை வடித்தார்கள். மன்னராட்சியை வீழ்த்திய புரட்சியை நாம் மதிக்கிறோம். ஆனாலும் கேட்கிறோம்: பதினான்கு வயதுச் சாவு, உயிரோடிருக்கும் பெரியவர்களுக்குச் சுவரொட்டி ஆகலாமா? அவனைப் போருக்குப் போகாமல் தடுத்திருந்தால் அதுவல்லவா புரட்சி!

நம் வீட்டையும் பார்ப்போம்

அயலாரைக் குறை சொல்வது எளிது. நம் வீட்டையும் பார்க்க வேண்டும்.

ஒக்கூர் மாசாத்தியாரின் புறப்பாட்டு நம் தோழர்கள் அனைவருக்கும் மனப்பாடம். ஒரு நாள் உற்றவனையும், அடுத்த நாள் கணவனையும் போரில் இழந்த தாய், மறுபடியும் போர்ப்பறை கேட்டதும், தன் ஒரே மகனுக்குத் தலைக்கு எண்ணெய் தடவி, கையில் வேல் கொடுத்துக் களத்துக்கு அனுப்புகிறாள். எத்தனை மேடைகளில் நாமே இதைச் சொல்லியிருக்கிறோம்! எத்தனை முறை கைதட்டல் வாங்கியிருக்கிறோம்! தமிழ்த் தாயின் வீரம் என்று தோள் தட்டியிருக்கிறோம்.

செஞ்சி மலைமேல் நின்றபோது, முதல் முறையாக அந்தப் பாட்டில் சிறுவன் பக்கம் போய் நின்று பார்த்தோம். தலையில் எண்ணெய் ஒழுக, தன்னைவிட உயரமான வேலைத் தூக்கிக்கொண்டு போகிறானே, அவன் என்ன நினைத்திருப்பான்? புலவர் அந்தத் தாயைக் கண்டு வியந்தார். நெஞ்சு நடுங்கவும் செய்தார் என்றே நமக்குப் படுகிறது. நாம் வியப்பை மட்டும் எடுத்துக்கொண்டோம், நடுக்கத்தை விட்டுவிட்டோம்.

விட்டதன் விலை சிறிதன்று. ஈழத்தில் நம் உடன்பிறப்புகள் பட்ட பாடு நாடறியும். 1995 செப்டம்பர் 22ஆம் நாள், யாழ்ப்பாணத்து நாகர்கோவிலில் பள்ளிக்கூடத்தின் மேல் சிங்கள அரசின் விமானப்படை குண்டு வீசியதில் மாணவச் செல்வங்கள் மாண்டதை மறக்க முடியுமா? மறக்க மாட்டோம். அதே வாயால் இன்னோர் உண்மையையும் சொல்லத்தான் வேண்டும். அந்தப் போரில் விடுதலைப் புலிகளும், பின்னர் அவர்களிடமிருந்து பிரிந்த கருணா அணியினரும் சிறுவர்களைப் படையில் சேர்த்ததை யூனிசெப் பதிவு செய்திருக்கிறது. சொல்லும்போது நெஞ்சு வலிக்கிறது. வலிக்கிறது என்பதற்காகச் சொல்லாமல் விட்டால், நாம் நேசிப்பது கொள்கையை அல்ல, நம் கூச்சத்தை!

காரணம் நியாயமானது என்றால் குழந்தையை அனுப்பலாமா? கூடாது. காரணம் எவ்வளவு நியாயமோ, அவ்வளவு பொறுப்பு பெரியவர்களுக்கு. உலகமும் மெல்ல மெல்ல இந்த முடிவுக்கு வந்திருக்கிறது. 1989இல் ஐ.நா. குழந்தை உரிமை உடன்படிக்கை, பதினைந்து வயதுக்குட்பட்டவரைப் போரில் நேரடியாக இறக்கக் கூடாது என்றது. 2000ஆம் ஆண்டு கூடுதல் உடன்படிக்கை அதைப் பதினெட்டாக உயர்த்தியது. டமாரமா, துப்பாக்கியா என்பதல்ல கேள்வி, வயதுதான் கேள்வி.

கடைத்தெருவில் கண்டது

இனி, கடைசியில் சொல்கிறோம் என்றோமே, அந்தக் காட்சி.

மலையிலிருந்து இறங்கிக் கடைத்தெருவுக்கு வந்தோம். வெள்ளிக்கிழமைச் சந்தை கலைந்துகொண்டிருந்தது. ஏதோ ஓர் ஊர்வலம் வந்தது. எந்தக் கட்சி என்று சொல்லப் போவதில்லை; எந்தக் கட்சியாகவும் இருக்கலாம், நம்முடையதாகவும் இருக்கலாம். முன்னே கொட்டு. கொட்டடிப்பவர்கள் நடுவே ஒரு சிறுவன். கழுத்து நரம்பு புடைக்க அடித்தான். தோளில் வார் அழுத்திய தடம் சிவந்திருந்தது.

ஊர்வலம் தேநீர்க் கடையருகே நின்றபோது அழைத்தோம்.

"தம்பி, எத்தனாவது படிக்கிறாய்?"

"ஏழாவதுங்க ஐயா."

"இன்றைக்குப் பள்ளிக்கூடம் இல்லையா?"

"இருக்குங்க. மாமாவுக்குக் காய்ச்சல். ஆள் குறையுதுன்னு அம்மா போகச் சொல்லிச்சு."

"இது எந்தக் கட்சி ஊர்வலம், தெரியுமா?"

பையன் திரும்பிக் கொடியைப் பார்த்தான். பிறகு நம்மைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே சொன்னான்: "கூப்பிட்டவங்க கட்சிங்க!"

பக்கத்தில் நின்ற பெரியவர் வாய்விட்டுச் சிரித்தார். நமக்குச் சிரிப்பு வரவில்லை. கும்பினிக் கொட்டும் கூப்பிட்டவன் கொட்டு. நவாபின் கொட்டும் கூப்பிட்டவன் கொட்டு. நம் கொட்டும் அப்படியே ஆகிவிட்டதா?

அந்தச் சிறுவன் பறை பழகுவதை நாம் குறை கூறவில்லை. பழகட்டும், ஆசானாக வளரட்டும், அவன் பெயர் நாடெங்கும் ஒலிக்கட்டும். ஆனால் பள்ளிக்கூட வேளையில், நம் கொடிக்கு முன்னால், நம் முழக்கத்தைச் சுமக்கும் வேலை அவனுடையதல்ல. ஆறு முதல் பதினான்கு வயது வரை கல்வி உரிமை என்று 2009இல் சட்டம் வந்தது. பதினான்கு வயதுக்குட்பட்டவரை வேலைக்கு வைக்கக் கூடாது என்று 2016இல் சட்டம் இறுக்கப்பட்டது. பிரசாரத்திலும் ஊர்வலத்திலும் குழந்தைகளை எந்த வடிவிலும் பயன்படுத்தக் கூடாது என்று தேர்தல் ஆணையம் 2024 பிப்ரவரியில் எல்லாக் கட்சிகளுக்கும் எழுதியது. சட்டம் சொல்கிறது என்பதற்காக அல்ல; பிறப்பால் தொழில் ஒதுக்குவதை எதிர்த்துப் பிறந்தவர்கள் நாம் என்பதற்காக இதை நாம் முதலில் செய்ய வேண்டும்.

ஆகவே கிளைத் தோழர்களுக்கு ஒரு வேண்டுகோள். அடுத்த ஊர்வலத்துக்குக் கொட்டு பேசப் போகும்போது, வயதையும் சேர்த்துப் பேசுங்கள். வயது வந்தவர்களை அழையுங்கள். நியாயமான கூலியைக் கையிலே கொடுங்கள். ஆள் குறைந்தால் கொட்டு குறையட்டும். குழந்தையைச் சேர்த்து நிரப்ப வேண்டாம். இன்னொன்று: நோட்டீசில் தலைவர்கள் பெயரை வரிசையாக அச்சடிக்கிறோமே, கடைசி வரியிலாவது கொட்டடிப்பவர்கள் பெயரைப் போடுங்கள். செலவு ஒரு வரி மை.

பேருந்தில் ஏறும் முன் அந்தச் சிறுவனிடம் பெயர் கேட்டோம். சொன்னான். இங்கே அச்சிடவில்லை, பள்ளிக்கூடத்தில் கேள்வி வரக்கூடாது என்பதற்காக. நம் குறிப்பேட்டில் எழுதி வைத்திருக்கிறோம். பேருந்து நகரும்போது, மூட்டை தூக்கும் பெரியவர் ஜன்னலோரம் வந்து சொன்னார்: "தோழரே, இனிமே பாட்டுல முரசு வர்ற இடத்துல நிறுத்தி, அடிச்சவன் பேரு என்னன்னு கேக்கச் சொல்லப் போறேன்."

கேட்கட்டும். பாராசாரியின் பெயர் முந்நூறு ஆண்டுகள் நிலைத்த மண்ணில், முன்னே நடந்து கொட்டடித்தவனின் பெயருக்கும் இடம் உண்டு.